ஒரே ஒரு புவாவையாவது காட்டு

மொலோகாய்,
ஜனவரி மூன்றாம் ஞாயிறுக்கு மறுநாள்.

அன்பு மகள் நோஹேயாவுக்கு,

உன்னை வளர்த்த மாமா லோபாகா எழுதுவது. இங்கே நான், என் முதுகு, உன் பெரியம்மா ஹௌனானி, அவள் கோபம், நான்கு பேரும் சுகம். அங்கே லாஸ் வேகாஸில் நீயும் மாப்பிள்ளையும் ஏழு மாதக் குட்டியும் அந்தப் பாலைவனக் காற்றில் உதடு வெடிக்காமல் சுகமாயிருக்க ஆண்டவரைக் கேட்டுக்கொண்டே இருக்கிறேன், குட்டிக்கு இரவில் தேங்காயெண்ணெய் தடவு, கடையில் விற்கிற வாசனைக் களிம்பெல்லாம் வேண்டாம்.

முதலில் இந்தத் தாளைத் திருப்பிப் பார். பின்பக்கத்தில் உன் கையெழுத்து இருக்கும். நம் கடலோர மீன்குளத்தைக் கம்பெனிக்காரனுக்குக் கொடுத்துவிடலாம், அம்மா இருந்திருந்தாலும் இதைத்தான் சொல்லியிருப்பாள், மாமாவின் முதுகு பிழைத்தால் போதும் என்று டிசம்பரில் பெரியம்மாவுக்கு எழுதினாயே, அதே தாள்தான். நேற்று மதியம் அவளே அதை என் கையில் திணித்து, இனி இது எனக்கு வேண்டாம் என்றாள். நல்ல தாள், ஒரு பக்கம் வெறுமையாக இருக்கிறது, அதனால் அதிலேயே எழுதுகிறேன், இடம் போதாவிட்டால் போன வருஷத்துக் காலண்டர் இருக்கிறது. உன்மேல் கோபமில்லை மகளே. உன்னைப் பெற்றது என் தங்கை, தொட்டிலிலிருந்து தூக்கி வளர்த்தது நான், அந்தப் பாசத்தில்தான் நீ என்னைக் காட்டிக்கொடுத்தாய். போகட்டும். குளம் நம்முடையதாகவே இருக்கிறது. ஜெயித்தது யார் என்று கடைசியில் சொல்லலாம் என்றிருந்தேன், கை நிற்கவில்லை, நான்தான்.

புத்தாண்டு விருந்தில் நடந்தது உனக்குத் தெரியாது. மண்ணடுப்பிலிருந்து பன்றியை எடுத்து, சேப்பங்கிழங்குக் கூழைக் கிண்ணங்களில் ஊற்றி எல்லோரும் உட்கார்ந்த நேரம். நான் வழக்கம்போல் குளத்தைப் பற்றி நாலு வார்த்தை சொன்னேன், நாலு வார்த்தை என்றால் அரைமணி நேரம். இந்த வருஷம் மடவைக் குஞ்சுகள் மடை வழியாக வந்துவிடும், அடுத்த புத்தாண்டுக்குப் பன்றியே வேண்டாம், மீனிலேயே ஊரை நிரப்புவேன் என்றேன். பெரியம்மா கிண்ணத்தைக் கீழே வைத்தாள். “தம்பி, ஆறு வருஷமா புவா புவான்னு வாய் ஓயாம சொல்றே. குளத்துல ஒண்ணையும் காணோம். நவம்பர்ல சுவத்துலேருந்து விழுந்தப்ப உன்ன வண்டியில தூக்கிப் போட்டது நான்தான். இன்னொரு தடவ தூக்க எனக்குத் தெம்பு இல்ல. மூணாவது ஞாயித்துக்கிழமை சர்ச் முடிஞ்சு வருவேன். ஒரே ஒரு புவாவையாவது காட்டு. இல்லன்னா அந்தக் காகிதத்துல கையெழுத்துப் போட்டுடுவேன்” என்றாள். மூத்தவள் சொன்னால் நம் வீட்டில் அப்பீல் கிடையாது. கையெழுத்து விழுந்தால் கம்பெனிக்காரன் குளத்தில் பாதியைத் தூர்த்துப் படகுத்துறை கட்டுவான், நம் தாத்தாவுக்குத் தாத்தா கை மாற்றிக் கை மாற்றி மலையிலிருந்து கொண்டுவந்த கல்லெல்லாம் அடியில் போய்விடும். இரண்டரை வாரம் தவணை. எனக்குத் தொண்டையில் கூழ் இறங்கவில்லை, மூன்று கிண்ணத்தோடு நிறுத்திக்கொண்டேன்.

குட்டி அங்கே இங்கிலீஷ் மட்டும் கேட்டு வளர்வதால் இதையும் எழுதிவைக்கிறேன், படித்துக்காட்டு. புவா என்றால் பூ, அது விமானத்தில் வந்து இறங்குகிறவர்களுக்கே தெரியும். கடலோரம் ஊசி கனத்தில் மிதக்கிற மடவைக் குஞ்சும் புவாதான். பெற்ற பிள்ளை புவா, பிள்ளையின் பிள்ளையும் புவா. கரும்பு பூ விட்டால் புவா, அந்தப் பூத்தண்டை ஒடித்து நானும் உன் அம்மாவும் எறிந்து விளையாடிய அம்பும் புவா, அதில் என்னை மிஞ்ச இந்தத் தீவில் ஆள் இருந்ததில்லை. அடுப்பிலிருந்து புகை கிளம்பினாலும் அதே சொல்தான். இருந்த இடத்தை விட்டுப் புதிதாக வெளியே கிளம்புகிற எல்லாவற்றுக்கும் நம்மவர்கள் ஒரே பெயர் வைத்தார்கள், இது நானே கண்டுபிடித்தது. சுவர் கட்ட உதவிக்கு வந்த பல்கலைக்கழகப் பெண்ணிடம் இதை விளக்கினேன், அவள் எழுதுவதை நிறுத்திப் பேனாவைக் கீழே வைத்துவிட்டாள். எட்டாம் வகுப்போடு நின்றவனிடம் இத்தனை இருக்கிறதே என்ற வியப்புதான். பேனாவில் மை தீர்ந்துபோயிருந்தது என்று பக்கத்து வீட்டு மசாவோ ஊரெல்லாம் சொல்கிறான், நம்பாதே. ஊரை விட்டு லாஸ் வேகாஸுக்குக் கிளம்பிய நீயும் அந்தக் கணக்கில்தான் சேர்த்தி.

இனி விஷயத்துக்கு வருகிறேன். ஆறு வருஷத்துக்கு முன் குளத்தைப் புதுப்பிக்க ஆரம்பித்தபோது கடலைப் பார்த்த பக்கம் மடைக்கு இரண்டு புறமும் இருபது இருபது அடி சுவரை நான் தனியாகக் கட்டியது உனக்கு நினைவிருக்கும், படம் அனுப்பியிருந்தேன். மற்ற சுவரையெல்லாம் பள்ளிக்கூடப் பிள்ளைகளும் சர்ச்சுப் பெண்களும் வெறுங்கல்லாக அடுக்கினார்கள், நான் மட்டும் சிமெண்டு வைத்துப் பூசினேன். முப்பத்தொரு வருஷம் ரோடு போட்டவன் கைக்கு இடுக்கைக் கண்டால் சும்மா இருக்க முடியுமா. மடையின் அடியிலும் ஒரு முழம் உயரத்துக்குச் சிமெண்டு வரப்பு எடுத்திருந்தேன், தண்ணீர் வீணாகப் போகக்கூடாது என்று. பளிங்கு மாதிரி இருந்தது, ஆளுநர் வந்தால் அங்கே நிறுத்திப் படம் எடுக்கலாம். அப்போதே மசாவோ வேலிக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டு, “சுவத்துக்கு மூக்க அடைச்சிட்டியே லோபாகா, அது எப்படி மூச்சு விடும்” என்றான். நாற்பது வருஷம் வலை போட்டவனுக்குக் கட்டட வேலை என்ன தெரியும் என்று நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

தவணைக்கு முந்தின நாள், சனிக்கிழமை, விடியும்போது வருஷத்தின் பெரிய கடல் ஏற்றம். அன்றாவது ஏதாவது உள்ளே வருமா என்று பார்க்கக் கிளம்பினேன். மசாவோ வாசலில் பல் தேய்த்துக்கொண்டிருந்தான், எங்கே போகிறாய் என்று கேட்கவில்லை, கடலுக்குக் கிளம்புகிறவனைக் கேட்டால் மீன் காதில் விழும் என்று தெரியாதவனா அவன். சும்மா ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு வருகிறேன் என்று நானாக வானத்தைப் பார்த்துச் சொன்னேன். போய் நின்றால் கடல் நம் சர்ச் கோபுர உயரத்துக்கு எழும்பி வருகிறது, சரி, அதில் பாதி என்று வைத்துக்கொள். வெறுங்கல் சுவர் ஒவ்வொரு அலையையும் இடுக்கு இடுக்காகக் குடித்துவிட்டு நின்ற இடத்தில் நின்றது. என் சுவர் குடிக்கவில்லை, நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு முட்டியது. ஏழாவது அலையில் வலதுபுறம் இருபது அடியும் ஒரே பலகையாக, அப்படியே பளிங்காகவே, குளத்துக்குள் படுத்துவிட்டது. மடையின் அடி வரப்பும் கூடவே பெயர்ந்தது.

நான் கரையில் உட்கார்ந்தேன். உன்னிடம் மட்டும் சொல்கிறேன், அந்த அரைமணி நேரம் நீ பெரியம்மாவுக்கு எழுதியதுதான் சரி என்று நினைத்தேன். ஒரு குஞ்சும் காட்ட முடியாது, இப்போது சுவரும் இல்லை, நாளைக்கு அவள் பேனாவோடு வருவாள். கண்ணில் உப்புத் தண்ணீர், கடல்தான் தெறித்திருக்க வேண்டும். மசாவோ காப்பியோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்து, “நல்லாத்தான் கட்டியிருக்கே, விழுந்தும் ஒரு விரிசல் இல்லையே” என்றான். வேறு நாளாக இருந்தால் அவனைத் தூக்கிக் குளத்தில் போட்டிருப்பேன்.

ஏற்றம் முடிந்து கடல் இறங்க ஆரம்பித்தது. இடிந்த வாய் வழியாகக் குளத்துத் தண்ணீர் வெளியே ஓடியது. மசாவோ எழுந்து போய் அதில் விரலை நனைத்து நாக்கில் வைத்தான், மறுபடியும் வைத்தான். பிறகு என்னைப் பார்த்தான், அந்தப் பார்வையில் கேலியே இல்லை, அதனால்தான் பயந்துபோனேன். “உப்பு பாதிகூட இல்ல. மலைப்பக்கத்து ஊத்துத் தண்ணி இது. ஆறு வருஷமா இத உள்ளயே பூட்டி வெச்சிருந்தியா? குஞ்சு இந்த ருசியத் தேடித்தான்யா கரைக்கு வரும். வாசமே வெளிய போகலன்னா அதுக்கு உன் வீட்டு விலாசம் எப்படித் தெரியும்” என்றான். இதை நானும் அதே நொடியில் யோசித்திருந்தேன், அவன் முந்திக்கொண்டான், அவ்வளவுதான். இருவரும் தண்ணீரையே பார்த்துக்கொண்டு நின்றோம். வெயில் தென்னை உயரம் ஏறியபோது தண்ணீரில் ஒரு நிழல் நெளிந்தது. பாசி என்றான் மசாவோ. பாசி ஓட்டத்தோடு போகும், இது ஓட்டத்தை எதிர்த்து நின்றது. குனிந்து பார்த்தேன், நோஹேயா, அத்தனையும் கண்ணு. கண்ணாடி உடம்பும் இரண்டு கறுப்புப் புள்ளிக் கண்ணுமாக, வாயைக் குளத்தின் பக்கம் வைத்துக்கொண்டு, இடிந்த கல்லைத் தாண்டித் தாண்டி உள்ளே வந்துகொண்டிருந்தன. பத்தாயிரம் இருக்கும். மசாவோ முந்நூறு என்கிறான், அவனுக்கு ஒரு கண்ணில் புரை.

வந்தது திரும்பிப் போகாமல் இருக்க வேண்டுமே. வலை போட்டால் கண்ணி வழியே நழுவிவிடும். மசாவோ வீட்டுக்கு ஓடி, அவன் மனைவி பார்க்காத நேரத்தில் ஜன்னல் திரையைக் கழற்றிக்கொண்டு வந்தான், இடிந்த வாய்க்குக் குறுக்கே கட்டினோம். பெரியம்மாவிடம் வாயைத் திறப்பதில்லை என்று முடிவு செய்தேன். என் வாழ்நாளிலேயே ஒரு முழு நாள் நான் பேசாமல் இருந்தது அன்றைக்குத்தான்.

நேற்று சர்ச் முடிந்ததும் வந்தாள். வெள்ளை உடுப்பு, பெரிய தொப்பி, பின்னால் பாட்டுக் குழு முழுவதும், அறுபது பேருக்குக் குறையாது. அவள் கண்ணில் முதலில் பட்டது இடிந்த சுவர். நின்றுவிட்டாள். எங்கே விழுந்தாய், எங்கே அடி என்று என் கையையும் முழங்காலையும் தடவித் தடவிப் பார்த்தாள், ஒன்றுமில்லை என்று தெரிந்ததும் முகம் கடுத்தது. பையைத் திறந்து கம்பெனிக்காரன் காகிதத்தை எடுத்தாள், அதோடு உன் கடிதத்தையும். போதும் லோபாகா, ஆறு வருஷம் போதும் என்று மெதுவாகச் சொன்னாள், அதட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். நான் ஆயத்தம் பண்ணிவைத்திருந்த பேச்செல்லாம் மறந்துபோய், தண்ணியப் பாருக்கா என்று மட்டும் சொன்னேன். அதற்குள் மசாவோ மனைவி, அது என் திரைச்சீலை இல்லையா என்று கூவ, எல்லோரும் குனிந்தார்கள், பெரியம்மாவும் குனிந்தாள். தொப்பி தண்ணீரில் விழுந்தது, அவள் எடுக்கவில்லை. வெள்ளை உடுப்போடு முழங்கால் வரை இறங்கிக் கையைக் கிண்ணமாக்கி ஒன்றை அள்ளினாள்.

“புவா” என்றாள். சர்ச்சில் தலைமைப் பாட்டுக்காரி, ஆனால் அவள் குரல் அப்படி உடைந்து நான் கேட்டதில்லை. உள்ளங்கையைத் திரைக்கு உட்புறம் சாய்த்துக் குஞ்சைக் குளத்திலேயே விட்டாள்.

கம்பெனிக்காரன் காகிதம் நாலாகக் கிழிந்து அவள் பைக்குள் போனது, உன் தாள் எனக்கு வந்தது. பிறகு கேட்டாள், சிமெண்டு மிச்சம் இருக்கிறதா என்று. இரண்டு மூட்டை என்றேன். “அத மசாவோ வீட்டுக் கோழிக்கூண்டுக்குக் கொடு. இனிமே இந்தச் சுவத்துப் பக்கம் நீ கரண்டியோட வந்தே, கைய ஒடிப்பேன்” என்றாள். மறுநாள் விடியும்போதும் ஏற்றம் உண்டு, அதற்குள் சுவரின் இடிந்த வாயை மூட வேண்டியிருந்தது. பாட்டுக் குழுவை மலையடிவாரக் கற்குவியலிலிருந்து மடை வரை வரிசையாக நிறுத்தினாள், நல்ல உடுப்போடேதான், யாரும் முணுமுணுக்கவில்லை. ஒவ்வொரு கல்லும் மூன்று பன்றி கனம். கை மாறிக் கை மாறி வந்தது, அவள் கடைசியில் நின்று ஒவ்வொன்றையும் திருப்பிப் பார்த்து இடுக்கு விட்டு அடுக்கினாள், மடைக்கு அடியில் ஊற்றுத் தண்ணீர் ஓட வழியும் விட்டாள். அவளுக்கு முந்தின ஆளாக என்னை நிறுத்தினாள், குனியாத இடமாம், முதுகுக்கு நல்லதாம். நான் அறுபது பேரையும் பார்த்து, இந்தச் சுவர் சரியான நாளில் சரியான இடத்தில் இடிகிற மாதிரி நான் எப்படிக் கட்டினேன் என்று விளக்க ஆரம்பித்தேன். பாதியில் பெரியம்மா திரும்பாமலே கையை நீட்டி, “லோபாகா, பேசினது போதும், கல்லக் கொடு” என்றாள்.

கொடுத்தேன் மகளே. பொழுது சாய வாய் மூடிவிட்டது. இன்று காலை ஏற்றமும் வந்து பார்த்துவிட்டுப் போய்விட்டது, ஒரு கல் அசையவில்லை.

மாப்பிள்ளையை ஹோட்டல் சமையலறையில் நின்றுகொண்டே சாப்பிட வேண்டாம் என்று சொல். ஜூனில் குட்டியின் முதல் வருஷ விருந்து இங்கேதான், இது பெரியம்மாவின் உத்தரவு. வரும்போது பழைய உடுப்பும், வழுக்காத ரப்பர் செருப்பும், மசாவோ மனைவிக்கு ஒரு ஜோடி ஜன்னல் திரையும் மறக்காமல் கொண்டுவா, பூப்போட்டதாக இருக்கட்டும். உங்கள் மூவரையும் ஆண்டவரும் நம் முன்னோரும் கண்ணுக்குள் வைத்துக் காக்கட்டும்.

இப்படிக்கு,
குளத்தைக் காப்பாற்றியவனும், பெரியம்மாவுக்குக் கல் எடுத்துக்கொடுக்கிறவனுமாகிய
உன் மாமா,
லோபாகா