நீட்டிய விரல்

அந்தனானரிவோ,
ஜனவரி 19

அன்புள்ள தாஹினா அக்காவுக்கு,

அம்மாவும் நானும் சுகம், கடை தினமும் நடக்கிறது, மொரீசியஸில் நீயும் வேளைக்குச் சாப்பிட்டுச் சுகமாக இருக்க வேண்டும். வழக்கம்போல அம்மா சொல்ல நான் எழுதுகிறேன். தையல் ஆலையில் கண் எரிந்தால் கசக்காதே, கழுவிக்கொள் என்கிறாள். பூங்காவில் நடந்ததை மட்டும் நீயே எழுது, பார்த்தவள் நீதானே என்று சொல்லிவிட்டாள்.

செவ்வாய்க்கிழமை காலை பணியார மாவைக் கரைக்கும்போது, நாம் கடை போடும் அத்திமரத்தின் வேருக்கும் படிக்கட்டுக்கும் நடுவே ஒரு வெடிப்பைப் பார்த்தேன். முந்தின நாள் அது இல்லை. பத்து நாள் மழையில் சரிவு முழுக்க மண் ஊறிக் கிடந்தது. கொஞ்ச நேரத்தில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் அந்த வழியாகத்தான் இறங்குவார்கள். அம்மாவிடம் சொன்னேன். ராணி காலத்து மரம், நமக்குப் பிறகும் நிற்கும் என்று அடுப்பை ஊதினாள். காவலாளி ரந்திரியா மாமாவிடம் போனேன். நாலு பேர் நின்றதால் எனக்கு வாய் வரவில்லை. முன்னோர் குடியிருக்கும் புனித மரத்தை விரல் நீட்டிக் காட்டக் கூடாதே, அதனால் விரலை மடக்கி முட்டியால் காட்டினேன். அவர் மரத்தடியில் நின்ற போட்டோக்காரனைப் பார்த்துவிட்டு, "என்ன பொண்ணே, மாப்பிள்ளை பார்த்தாச்சா? அம்மாகிட்ட நான் பேசட்டுமா?" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். போட்டோக்காரன் தலைமுடியைச் சரிசெய்துகொண்டான். எனக்கு ஓடிவிடலாம் போல இருந்தது. அதற்குள் மேலே பிள்ளைகள் கத்திக்கொண்டு இறங்கும் சத்தம் கேட்டது. விரலை நேராக நீட்டினேன். "மாமா, மரம் சாயுது."

சிரிப்பு நின்றது. முதலில் என் விரலைத்தான் பார்த்தார்கள், பிறகுதான் மரத்தை. மாமா ஓடிப்போய்ப் படியை மறித்தார். அம்மா திட்டிக்கொண்டே அடுப்பைத் தூக்கினாள். மதியத்துக்குள் மரம் மண்ணோடு சரிந்து படிகளை மூடிவிட்டது. ஒருவருக்கும் கீறல்கூட இல்லை. இப்போது கீழ்வாசலில் கடை போடுகிறோம், வியாபாரம் பரவாயில்லை.

அப்படிக் காட்டிய விரல் அழுகிவிடும் என்று பூக்காரி சொன்னதிலிருந்து எனக்குப் பயம். அம்மா ஒரு செம்பில் தண்ணீர் எடுத்து வந்தாள். கடலுக்கு அந்தப் பக்கம் உனக்கு நல்ல உடம்பும் நல்ல மனிதர்களும் அமையட்டும் என்று வாழ்த்தி இந்தக் காகிதத்தின் மேல் தண்ணீர் தெளித்தாள், பதில் போட மறக்காதே என்றாள். மிச்சத் தண்ணீரை என் விரலில் ஊற்றினாள். கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு இரண்டு பேருக்குமாகக் கையெழுத்துப் போட்டேன்.

அம்மா வுலுலுனா
தங்கை மியோரா