நாலாம் பாகத்தின் கையெழுத்து

அந்துருண்டை வாசத்தோடு நம் நாலாம் பாகம் என் மேஜைமேல் கிடக்கிறது. அட்டையைத் திறக்கவே பயமாக இருக்கிறது, டேய். நீ காய்ச்சலில் போய் ஒரு வருஷம் ஆகப்போகிறது. இந்த நோட்டை என்றைக்கோ கிழித்துப் போட்டிருப்பாய் என்று நினைத்திருந்தேன். நீயோ பெட்டியில் பத்திரமாக வைத்திருக்கிறாய், பாவி.

ப்ளஸ் ஒன் படிக்கும்போது கீழ்பென்னாத்தூர் பஸ்ஸில், உன் போனில், அந்த ஜப்பான் பள்ளிக்கூட ரவுடிப் படங்களை மூன்று பாகமும் பார்த்துத் தீர்த்தோம். நாலாவது வராது என்று தெரிந்ததும், "நம்மளே எழுதிடலாம்டா, உன் கையெழுத்துதான் அழகா இருக்கு" என்றாய். கதை சொன்னது நீ, எழுதியது நான். கதாநாயகனின் அம்மா தியானம் பழக நம்மூர் ஆசிரமத்துப் பக்கம் ரூம் எடுத்துத் தங்க, அவன் நம் பள்ளியில் சேர்ந்து நம் இருவருக்கும் கூட்டாளியாகிறான். ஜப்பான் யூனிபார்ம் கறுப்புக் கோட்டோடு அவன் தமிழ்த்தாய் வாழ்த்துக்கு வாயசைக்கிற இடத்தில் சிரித்துச் சிரித்து உனக்கு இருமலே வந்துவிட்டது.

படத்தில் வருவதுபோல அவன் யாரையாவது சண்டைக்குக் கூப்பிட்டுச் சவால் கடிதம் எழுத வேண்டுமே? பஸ்ஸில் கடைசி சீட்டைப் பிடித்துக்கொள்ளும் வேறு பள்ளிப் பையன்களுக்கே எழுதினேன், நிஜப் பெயர் போட்டு. வேண்டாம் என்றாய். நான் கேட்கவில்லை. அடுத்த சண்டைக் காட்சியையும் எழுதி முடித்து, அன்றைக்கே நோட்டை சீட்டில் மறந்துவிட்டு இறங்கியதும் நான்தான்.

மறுநாள் காலை அவர்கள் நோட்டோடு ஸ்டாப்பில் நின்றார்கள். எவன்டா எழுதினது என்று கேட்டான் ஒருவன். நான் உன் முதுகுக்குப் பின்னால் நகர்ந்தேன். நீ என்னை ஒரு தரம் பார்த்தாய். "நான்தான்" என்றாய். பெல்ட் பக்கிள் உன் காதில் பட்டபோது நான் புறப்பட்ட பஸ்ஸில் தொற்றிக்கொண்டிருந்தேன். அவர்கள் வீசிவிட்டுப் போன நோட்டை நீதான் எடுத்துப் போனாயாம். அந்தக் காது அப்புறம் சரியாகக் கேட்கவில்லை. நான் பேச்செடுத்தால் "வுடுறா" என்பதோடு சரி.

இப்போது வேங்கிக்காலில் கலெக்டர் ஆபீஸ் வாசலில் மனு எழுதிப் பிழைக்கிறேன். போன திங்கட்கிழமை உங்கம்மா வாரிசுச் சான்றுக்கு மனு எழுத வந்தார். எழுதி முடித்ததும் பையிலிருந்து இந்த நோட்டை எடுத்தார். நீ எழுதிய கதையாம், படித்துக் காட்டணுமாம். சவால் கடிதம் வரைக்கும் படித்தேன். அங்கேயே விரலை வைத்து நிறுத்திவிட்டேன். உங்கம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. ஆனாலும் நோட்டை வாங்கி மனுவுக்குப் பக்கத்தில் வைத்துக் குனிந்து பார்த்தார்.

"ரெண்டும் ஒரே மாதிரி இருக்கேப்பா?"

ஏதாவது சொல்லிச் சமாளித்திருக்கலாம். முடியவில்லை. பஸ் ஏறி ஓடியது வரைக்கும் எல்லாவற்றையும் சொன்னேன். நாலு பேர் முன்னால் அறைவார் என்று கன்னத்தை இறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவர் என்னைப் பார்க்கவே இல்லை.

"அப்ப அவன் வம்புக்குப் போவலையா? ரவுடிப்பய வந்து பொறந்துட்டானேனு ஒரு மாசம் நான் அவங்கிட்ட பேசலியேப்பா. தட்டுல சோத்த வச்சிட்டு மூஞ்ச திருப்பிக்குவேன்."

ஏன்டா அவரிடம்கூட சொல்லவில்லை? என்னைக் காட்டிக்கொடுத்திருக்கலாமே. ஒரு காதும் போய், அம்மாவின் பேச்சும் போய், என் பக்கத்தில் உட்கார்ந்து எப்படிப் பரீட்சை எழுதினாய்?

மீதிக் கதையை வரும் திங்கட்கிழமை கேட்கிறேன் என்று நோட்டை என்னிடம் விட்டுப்போனார். அது நாளைக்கு. அடுத்து வருவது சண்டைக் காட்சி. அந்தக் கடைசி சீட்டுப் பையன்கள் எல்லோரும் நம்மைச் சுற்றி நிற்கிறார்கள். ஓடிப்போடா என்று நீ கத்துகிறாய். நான் ஓடாமல் உன் முதுகோடு முதுகு ஒட்டி நின்று அடி வாங்குகிறேன். அன்றைக்கு அப்படித்தான் எழுதி வைத்திருக்கிறேன். அதை உங்கம்மாவுக்கு நான் வாசித்துக் காட்ட வேண்டும்.