எல்லா இடத்துக்கும் ஒரே புல்லாங்குழல்

ஜனவரி 8

அன்புள்ள அக்காவுக்கு,

நல்லபடியா வந்து சேர்ந்துட்டேன். நாலு பக்கமும் தண்ணி, நடுவுல இந்த எண்ணெய் எடுக்கிற மேடை, மேடை உச்சியில என் கிரேன். கரையிலேயே ஃபோனை வாங்கி இரும்புப் பெட்டியில போட்டுப் பூட்டிட்டாங்க. இங்கே கேஸ் இருக்கிறதால ஒரு பொறிகூட ஆகாது. ரெண்டு வாரத்துக்கு ஒரு தடவை சாமான் படகு வரும், தபாலும் அதுலதான். அதனால அழகா கையெழுத்துப் போட்டு எழுது.

கழுத்துல தையல் காஞ்சுச்சா? டாக்டர் என்கிட்ட சொன்னதை இன்னொரு தடவை சொல்றேன், கேட்டுக்கோ. வெறும் கொழுப்புக் கட்டி. ரிப்போர்ட் என்கிட்ட பத்திரமா இருக்கு. நீ அதை நினைச்சு மண்டையை உடைச்சுக்காதே.

என் பழைய கம்ப்யூட்டரை டிவியில மாட்டி வச்சிருக்கேன் பாரு, அந்த கேம் இனி உன்னுது. காட்டுக்குள்ள ஒருத்தி தனியா வீடு கட்டி, மூலிகை பறிச்சுப் பிழைக்கிற கேம். உனக்காக அதுல ஒரு வேலை பண்ணியிருக்கேன். கேமுக்குள்ள பாட்டுக்குன்னு ஒரு ஃபோல்டர் இருக்கு. வீடு, காடு, மழை, ஆபத்துன்னு ஒவ்வொண்ணுக்கும் ஒரு இசை. நம்மகிட்ட இருக்கிற பாட்டுக்கு அதே பேரை வச்சு அங்கே போட்டா, கேம் அதைத்தான் வாசிக்கும். சிலது கேக்கவே திகிலா இருந்துச்சு. உனக்குப் படபடப்பு வந்துடும்னு எல்லாத்தையும் தூக்கிட்டு, உனக்குப் பிடிச்ச அந்தப் புல்லாங்குழலை மட்டும் போட்டுட்டேன். எங்கே போனாலும் அதான் கேக்கும். நிம்மதியா விளையாடு.

உன் தடியன்


ஜனவரி 23

டேய் தடியா,

எலும்பும் தோலுமா இருந்துக்கிட்டு இன்னும் அந்தப் பேரிலேயே கையெழுத்துப் போடறியே, வெக்கமா இல்லை?

நான் வேலைக்குப் போக ஆரம்பிச்சுட்டேன். பல்செட் பட்டறையில ஒரே கூட்டம். ஒரு பெரியவருக்கு வரிசையா, முத்து மாதிரி செஞ்சு வச்சேன். போட்டுப் பார்த்துட்டு, "இது என் வாயே இல்லை, பழைய கோணல் பல்லு மாதிரியே வேணும்"னு ஒரே அழுகை. மறுபடியும் கோணலா செஞ்சேன். சிரிச்சுக்கிட்டே போனார்.

உன் கேம் நல்லாத்தான் இருக்கு. வீடு கட்டிட்டேன், கூரை மட்டும் பாக்கி. புல்லாங்குழல் அமிர்தம். ஆனா அந்தக் கரடி இருக்கே! நான் பாட்டுக்குக் கீரை பறிச்சுக்கிட்டு இருக்கேன், எப்போ வந்துச்சு, எங்கே இருந்து வந்துச்சுன்னே தெரியலை, ஒரே அடி, போய்ச் சேர்ந்தேன். பதினோரு தடவை செத்தாச்சு. நான் கிழிஞ்சு கிடக்கேன், உன் புல்லாங்குழல்காரன் கல்யாண வீட்டுல வாசிக்கிற மாதிரி வாசிச்சுக்கிட்டே இருக்கான். சிரிப்பை அடக்க முடியலை.

தையல் காஞ்சுடுச்சு. அதுக்குக் கீழே பட்டாணி அளவுல இன்னொண்ணு தட்டுப்படுது. அதுவும் கொழுப்புதான் போல. திங்கிறது நீ, கொழுப்பு எனக்கு. நீ நேரத்துக்குச் சாப்பிடு.

உன் அக்கா


பிப்ரவரி 8

அன்புள்ள அக்கா,

பட்டாணியா? எந்தப் பக்கம்? தொட்டா வலிக்குதா? சும்மாதான் கேக்கிறேன், பயப்பட ஒண்ணும் இல்லை. அதையே தடவிக்கிட்டு இருக்காதே. நல்லா சாப்பிடு, நல்லா தூங்கு.

போன வாரம் இங்கே கேஸ் சைரன் அடிச்சுச்சு. அடிச்சா கையில இருக்கிறதை அப்படியே போட்டுட்டு, ரெண்டு நிமிஷத்துல உயிர்காப்புப் படகுகிட்ட நிக்கணும். நான் கிரேன் ஏணியில பாதி இறங்கினேனா விழுந்தேனான்னு தெரியலை. சமையல்காரர் ஒரு கால்ல மட்டும் செருப்போட வந்து நின்னார். கடைசியில சும்மா. ஏதோ கருவி கெட்டுப்போய் தானா கத்தியிருக்கு. அப்புறம் ராத்திரி முழுக்க எல்லாரும் அவர் செருப்பைச் சொல்லிச் சொல்லிச் சிரிச்சோம்.

கரடி அடிச்சா அடிக்கட்டும். செத்தா என்ன, கேம் திரும்ப எழுப்பி விட்டுடும்ல. அதுக்குப் போய்க் கவலைப்படலாமா?

உன் தடியன்


பிப்ரவரி 26

தடியா,

உன்னை நேர்ல பார்த்தா காதைத் திருகியிருப்பேன். ஞாயித்துக்கிழமை மெழுகுக்காரி வீட்டுக்குப் போனேன். தெரியும்ல, பட்டறையில என் பக்கத்து மேசை, பல்லுக்கு மெழுகு அச்சு எடுக்கிறவ. அவளும் அதே கேம்தான் ஆடறா, அவ வீட்டுக்காரரோட சண்டை போட்டுக்கிட்டு! அவ ஆடறப்போ திடீர்னு அடியில ஒரு முரசு, டும், டும்னு. என்னடின்னேன். "கரடி வருது, வீட்டுக்குள்ள ஓடணும்"னா. எண்ணிப் பார்த்தேன். முரசு ஆரம்பிச்சுப் பத்து எண்ணினப்புறம்தான் கரடியே கண்ணுல படுது. பத்து எண்ணிக்கைக்குள்ள ஒரு குழந்தைகூட ஓடிப்போய்க் கதவைச் சாத்திடும்.

நான் என்னமோ எனக்குத்தான் ஆடத் தெரியலைன்னு நினைச்சுக்கிட்டு இருந்தேன். கேமைப் பண்ணினவன் பயமுறுத்துறதுக்கு அந்த இசையைப் போடலைடா. ஓடுன்னு சொல்றதுக்குப் போட்டிருக்கான். நீ அதைப் போய்ப் புல்லாங்குழலா மாத்தி வச்சிருக்கே. மெழுகுக்காரி அவகிட்ட இருந்த பழைய இசையை எல்லாம் கொண்டு வந்து திருப்பிப் போட்டுக் கொடுத்தா. முரசு கேட்டதும் நெஞ்சு திக்குன்னுச்சு, உண்மைதான். ஆனா ஓடினேன். கரடி கதவைப் பிராண்டிட்டுப் போயிடுச்சு. மூணு நாளா நான் சாகவே இல்லை!

மத்தபடி உடம்புதான் என்னமோ அசதியா இருக்கு. ஜாக்கெட் எல்லாம் தொளதொளன்னு ஆயிடுச்சு. பட்டாணி இப்போ பட்டாணி இல்லை, எலுமிச்சங்காய். மெழுகுக்காரி டாக்டரைப் பார், டாக்டரைப் பார்னு உயிரை எடுக்கிறா. என் தம்பியே நேர்ல கேட்டுட்டு வந்துட்டான், வெறும் கொழுப்புன்னு சொல்லி அவ வாயை அடைச்சேன்.

உன் அக்கா


மார்ச் 11

அக்கா,

எதுக்கு நீ பழைய இசையைத் திருப்பிப் போட்டே? உனக்கு ஆகாதுன்னுதானே நான் மாத்தி வச்சேன்? நெஞ்சு திக்குன்னுச்சுன்னு நீயே எழுதியிருக்கே. அந்த மெழுகுக்காரிக்கு என்ன வந்துச்சு, அடுத்த வீட்டு விஷயத்துல மூக்கை நுழைக்கிறதுக்கு?

கோவிச்சுக்காதே. உன் கடிதத்தைப் படிச்சதுல இருந்து எனக்குச் சோறு இறங்கலை. ஒண்ணே ஒண்ணு கேக்கிறேன், எனக்காகச் செய். டாக்டர்கிட்ட நீ தனியா போகாதே. மே மூணாம் தேதி நான் கரையில இருப்பேன், அன்னைக்கே உன்னைக் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போறேன். முன்னாடியே விடுங்கன்னு மேனேஜரைக் கேட்டேன். போனா திரும்பி வரவேண்டாம்னுட்டார். அம்மாவை மறந்துட்டியா? நடமாடிக்கிட்டு இருந்தவ, டாக்டர் வாயில இருந்து அந்த வார்த்தையைக் கேட்ட அன்னையில இருந்து சுவத்தைப் பார்த்துத் திரும்பிப் படுத்தா. மூணே வாரம். என் பேச்சைக் கேளு அக்கா.

தடியன்


மார்ச் 29

தம்பிக்கு,

ஏன் தனியா போகக் கூடாதுன்னே? கொழுப்புக் கட்டிக்கு எதுக்குடா அம்மா ஞாபகம்? கடிதத்தை மடிச்சு வச்சுட்டு அன்னைக்கே அரை நாள் லீவு போட்டுப் போனேன்.

டாக்டர் என்னைப் பார்த்ததும் முதல்ல கோபப்பட்டார். "இத்தனை நாள் எங்கேம்மா போனீங்க?" உன் பேரைச் சொன்னேன். "புற்றுநோய்னு உங்க தம்பிகிட்ட ஜனவரி மாசமே சொன்னேனே, ஒரு மாசத்துக்குள்ள வைத்தியத்தை ஆரம்பிக்கணும்னு படிச்சுப் படிச்சுச் சொன்னேனே"ன்னார். ஆறு தடவை ஃபோன் பண்ணியிருக்காங்க. எல்லாம் நீ எழுதிக் கொடுத்த உன் நம்பருக்கு. பூட்டின பெட்டிக்குள்ள அது ஆறு தடவை அடிச்சு ஓஞ்சிருக்கு.

அப்போ கழுத்தோட இருந்துச்சாம். இப்போ நுரையீரலுக்குப் போயிடுச்சு. குணமாகுமான்னு கேட்டேன். பேனாவை மூடினார், திறந்தார், "முயற்சி பண்ணுவோம்"னார்.

நீ முழுப் பூசணிக்காயைச் சோத்துல மறைச்சிருக்கே. நானும் சோறுன்னு நம்பித் தின்னுருக்கேன். உன் மேடையில சைரன் கத்தினா ஆளுங்க பயப்படறாங்கன்னு யாராவது அதைப் பிடுங்கிப் போட்டா, நீ சும்மா விடுவியா? பொய்யா அடிச்ச சைரனுக்கே ஏணியில உருண்டு இறங்கினவன் நீ. எனக்கு நிஜமா அடிச்சதை நிறுத்தி வச்சுட்டே.

ரெண்டு மாசத்துக்கு மேல நான் நிம்மதியாத்தான் இருந்தேன், அதை இல்லைன்னு சொல்லமாட்டேன். அந்த ரெண்டு மாசம்தான்டா எனக்கு இருந்துச்சு.

அக்கா


ஏப்ரல் 9

அக்கா, என் அக்கா,

எந்த முகத்தை வச்சுக்கிட்டு எழுதறதுன்னு தெரியலை. மூணு காகிதத்தைக் கிழிச்சுட்டேன்.

அன்னைக்கு டாக்டர் சொன்னப்போ நீ வெளிய பெஞ்சுல உட்கார்ந்து, பக்கத்துல இருந்த பாட்டிக்குப் பல்செட்டை எப்படிக் கழுவணும்னு சொல்லிக்கிட்டு இருந்தே. கதவு வழியா உன்னைப் பார்த்தேன். இவளும் சுவத்தைப் பார்த்துப் படுத்துட்டா எனக்கு யார் இருக்கான்னு தோணுச்சு. மறுநாள் கப்பல். போகலைன்னா வேலை போயிடும், வேலை போனா வைத்தியத்துக்கு எங்கே போறது? நாலு மாசம்தானே, வந்து பக்கத்துல உட்கார்ந்து சொல்லிக்கலாம்னு நினைச்சேன். நீ பட்டாணின்னு எழுதினப்போ உண்மையைச் சொல்லியிருக்கணும். பேனா எடுத்தேன். ஆனா அந்தச் சமையல்காரர் செருப்பைப் பத்தி எழுதினேன்.

உன்னைக் காப்பாத்தறேன்னு நினைச்சேன். பயந்தது நீ இல்லை, நான்தான். என்னை அடி, செருப்பால அடி. பேசாம மட்டும் இருக்காதே. இன்னும் இருபத்துநாலு நாள். ஆஸ்பத்திரி, மருந்து, டாக்டர்கிட்ட பேசறது எல்லாம் நான் பார்த்துக்கறேன். நீ எதுக்கும் கவலைப்படாதே.

உன் தம்பி


ஏப்ரல் 24

தம்பி,

இது உன் கைக்கு வர்றப்போ நீ மூட்டை கட்டிக்கிட்டு இருப்பே.

மருந்து ஏத்த ஆரம்பிச்சாச்சு. ரெண்டு தடவை முடிஞ்சுது. வாயெல்லாம் புண்ணு, முடி கொத்துக் கொத்தா வருது. பயமாத்தான் இருக்கு. பயந்துக்கிட்டே சாப்பிடறேன், பயந்துக்கிட்டே பஸ் ஏறிப் போறேன், முடிஞ்ச நாள்ல பயந்துக்கிட்டே ரெண்டு பல்செட்டும் செய்யறேன். அம்மா சுவத்தைப் பார்த்துப் படுத்தான்னா அது அம்மா. நான் எப்படிப் படுப்பேன்னு நீ என்னைக் கேக்கவே இல்லை.

"நீ எதுக்கும் கவலைப்படாதே"ன்னு இன்னும் எழுதறியே. இவ்வளவுக்கு அப்புறமும் உனக்குப் புரியலை.

ஆஸ்பத்திரியில புதுசா ஒரு படிவம் கொடுத்தாங்க. யார்கிட்ட விவரம் சொல்லணும்னு அதுல ஒரு கட்டம். முதல்ல என் பேரை எழுதினேன். நோயாளி பேரை எழுதக் கூடாதுன்னாங்க. நோயாளிகிட்டதான் முதல்ல சொல்லணும்னு ஓரத்துல எழுதி, அடிக்கோடு போட்டுக் கொடுத்தேன். எனக்கு நினைவு தப்பினா கேக்கிறதுக்கு மெழுகுக்காரி பேரை எழுதினேன். உறவுமுறைன்னு இருந்த இடத்துல, கூட வேலை பார்க்கிறவள்னு எழுதினேன். என்னம்மா, கூடப் பிறந்தவங்க யாரும் இல்லையான்னு நர்ஸ் கேட்டா. இருக்கான்னு சொன்னேன். எழுதலை.

கோபத்துலதான் பண்ணினேன். கோபம் இல்லைன்னு பொய் சொல்லமாட்டேன். உன் மேல இருக்கிற பாசமும் போகலை, அதுதான் தாங்கலை. போயிருந்தா சுலபமா இருந்திருக்கும்.

மூணாம் தேதி நீ வா. வராதேன்னு எழுத உட்கார்ந்தேன், கை வரலை. வந்து பக்கத்துல உட்காரு, பேசு, அழணும்னா அழு. ஆனா டாக்டர் உள்ளே வந்தா, நீ எழுந்திருச்சு வெளிய போயிடணும். நான் போன்னு சொல்ற வரைக்கும் காத்திருக்காதே.

அக்கா