லிட்டருக்கு நாற்பது

இன்று சாயங்காலம் பூந்தமல்லி பங்க்கில் ஸீட்டைத் தூக்கி மூடியைத் திறந்ததும் பெட்ரோல் வாசனை குப்பென்று வந்தது. உனக்குப் பிடித்த வாசனை. நான் மூக்கைப் பொத்திக்கொள்வேன், நீ சிரிப்பாய். பெட்ரோல் போடும் பெண் உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, "இன்னாக்கா, அடில இன்னும் கீதே. அதுக்குள்ள வந்துட்ட?" என்றாள்.

"எண்பது கிலோமீட்டர் ஓடிடுச்சும்மா" என்றேன். அவளுக்கு அது ஒரு பதிலாகவே படவில்லை. உனக்குப் புரிந்திருக்கும்.

உன் ஸ்கூட்டரில் பெட்ரோல் முள் செத்து எத்தனையோ வருஷம் ஆகிறது. மாற்றச் சொன்னால், "முள்ளு வேலை செய்யலைன்னா இன்னாடி, நமக்கு வகுத்தல் வேலை செய்யுதுல்ல?" என்பாய். மண்ணூர்பேட்டையிலிருந்து கிளம்பி, முகப்பேரில் என்னை ஏற்றிக்கொண்டு, பூந்தமல்லிப் பள்ளிக்கூடம் வரை தினமும் இதே வேலைதான் நமக்கு. சிக்னலில் நின்றால் நீ மீட்டரைப் படிப்பாய். பின்னாலிருந்து நான் மனக்கணக்குப் போட்டு, இன்னும் எவ்வளவு தூரம் போகும் என்று உன் காதில் கத்துவேன். லிட்டருக்கு நாற்பது, இரண்டு லிட்டர் போட்டால் எண்பது. ஏழாம் வகுப்பு ஏ பிரிவுக்கு நீயும் பி பிரிவுக்கு நானும் கணக்கு டீச்சர்கள். வகுப்பில் சுத்தத் தமிழ் பேசும் நீ, வண்டியில் ஏறியதும் மண்ணூர்பேட்டைக்காரி ஆகிவிடுவாய்.

ஒரு தடவைதான் கணக்கு நம்மைக் கைவிட்டது. அரைப் பரீட்சை லீவில் வண்டியை சர்வீஸுக்கு விட்டு எடுத்து, வேப்பம்பட்டில் இருக்கும் தங்கை வீட்டுக்கு நீ தனியாகப் போய் வந்துகொண்டிருந்தாய். "சர்வீஸ் பண்ணதும் வண்டி சும்மா பறக்குதுடி. லிட்டருக்கு அம்பது தருது" என்று பெருமை வேறு. பள்ளி திறந்ததும் நானும் யோசிக்காமல் ஐம்பதை வைத்துக்கொண்டேன். "இன்னும் இருபதுக்கு மேல போகும்" என்று நான் கத்திய கொஞ்ச நேரத்தில், வானகரத்தில் வண்டி இரண்டு இருமல் இருமிவிட்டு நின்றது. கணக்கு டீச்சர்கள் இருவரும் நடுரோட்டில். ஓர் ஆட்டோக்காரர் பக்கத்தில் வந்து, "ஏறிக் குந்துங்கக்கா, கால் வெச்சுத் தள்ளிகினு போறேன்" என்றார். பங்க் வரை அவர் கால் தள்ள, நீ ஹேண்டில்பாரைப் பிடித்துக்கொண்டு சிரித்துக்கொண்டே வந்தாய்.

"தனியா போன கணக்க ரெண்டு பேர் மேல போட்டுட்டேன்டி."

அதையே பரீட்சைத் தாளிலும் வைத்தாய். ஒரு ஸ்கூட்டர் 2 லிட்டரில் ஒருவருடன் 100 கி.மீ., இருவருடன் 80 கி.மீ. ஓடுகிறது, லிட்டருக்கு எத்தனை, வித்தியாசம் ஏன்? 'பின்னால் உட்கார்ந்தவர் குண்டு' என்று ஒரு பெண் எழுதியிருந்தாள். அவளுக்கு முழு மார்க் போட்டு, ஸ்டாஃப் ரூம் முழுக்கக் காட்டிவிட்டு வந்தாய். சாயங்காலம் வரை நான் உன்னோடு பேசவில்லை. வண்டியில் மட்டும் ஏறிக்கொண்டேன்.

கோடை லீவில் நெஞ்சுவலி என்று ஆஸ்பத்திரிக்குப் போன நீ திரும்பி வரவில்லை. உன் மகன் சாவியைக் கொண்டுவந்து கொடுத்தான். "நீங்களே வெச்சிக்கோங்க ஆண்ட்டி. ஊட்ல இதப் பாத்துகினே இருக்க முடியல." எனக்கு எப்போதுமே ஓட்டத் தெரியும். உன் பின்னால் உட்காருவதுதான் பிடித்திருந்தது.

இந்த வாரம் பள்ளி திறந்தது. காலி டாங்க்கில் இரண்டு லிட்டர் போட்டேன், பழக்கப்படி நாற்பதை வைத்துக்கொண்டேன். இன்று எண்பது முடிந்ததும் பங்க்குக்குப் போனால், பெட்ரோல் மிச்சம் நிற்கிறது. ஏன் என்று கணக்கு டீச்சருக்குப் புரியாமலா போகும்? அந்தப் பெண்ணுக்கு முன்னால் கண் கலங்கிவிட்டது.

"போடட்டாக்கா?" என்றாள். வேண்டாம் என்று மூடியை மூடினேன்.

வழியெல்லாம் வண்டி எங்கேயாவது நின்றுவிடாதா என்று ஆசையாக இருந்தது. நின்றால் நாற்பதுதான் சரி. நின்றால் இன்னும் இருவர் போகிற வண்டிதான் இது. வானகரம் வந்தது, போனது. நிற்கவில்லை. பேச ஆளில்லாமல் இவ்வளவு தூரம் போவது எனக்குப் பழக்கமே இல்லை. காலையில் ஒரு சின்ன வம்பு கிடைத்தால்கூட அதை உன்னிடம் சொல்லத்தானே எடுத்து வைப்பேன்.

முகப்பேர் சிக்னலில் சிவப்பு விழுந்தது. நானே மீட்டரைப் படித்தேன், நானே ஐம்பதை வைத்துக் கணக்குப் போட்டேன். "இன்னும் பத்து போகும்டி" என்று வாய்விட்டுக் கத்தியும் விட்டேன். பக்கத்து வண்டிக்காரர் திரும்பிப் பார்த்தார்.

விடை சரிதான். வண்டி ஒரு தடவைகூட இருமாமல் என்னை வீட்டில் கொண்டுவந்து விட்டது.