புள்ளலூரில் விட்டுவிட்டு வந்த ஆள்

ஒரகடம்
செவ்வாய்க்கிழமை, பகல் பன்னிரண்டரை

அன்புள்ள சில்வியாவுக்கு,

நலம், நலமறிய ஆவல் என்று தொடங்க எனக்கே வெட்கமாக இருக்கிறது. நேற்றுதான் வீடியோவில் உன் முகத்தைப் பார்த்தேன். இளைத்திருக்கிறாய். அதைச் சொன்னால் கேமராவைக் கூரைப் பக்கம் திருப்பிவிடுகிறாய். ஆகையால் உன் மூட்டுவலியை மாதா கொஞ்சம் குறைத்துவைக்கட்டும் என்று மட்டும் வேண்டிக்கொண்டு விஷயத்துக்கு வருகிறேன்.

போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று கேட்பாய். போனில் ஷாலின் பெயரை எடுத்தாலே "வேற பேசுங்க" என்கிறாய், அல்லது லைன் போய்விடுகிறது. குவைத்தில் நம் மகள் பெயருக்கு மட்டும் சிக்னல் கிடைப்பதில்லை போலிருக்கிறது. வாய்ஸ் மெசேஜ் அனுப்பினால் கேட்காமலே வைத்திருக்கிறாய். காகிதத்தை உன்னால் கட் பண்ண முடியாது. நம் தெரு ஏசுவடியான் மகள் வியாழக்கிழமை குவைத்துக்குக் கிளம்புகிறாள். அவளிடம் இதையும் இரண்டு பாட்டில் வலித் தைலத்தையும் கொடுத்துவிடுகிறேன். வெள்ளிக்கிழமை, உன் லீவு நாளில், கைக்கு வந்துவிடும். தைலத்தை எடுத்துக்கொண்டு கடிதத்தைத் தூக்கிப் போட்டுவிடாதே.

இங்கே மற்றபடி ஒன்றும் குறைவில்லை. சுங்குவார்சத்திரத்தில் பாலம் கட்டுகிறேன் என்று ரோட்டைக் குதறி வைத்திருக்கிறார்கள். வல்லக்கோட்டையில் கிருத்திகை வந்தால் அந்தப் பக்கமே வண்டி நகர்வதில்லை. அப்படியும் என் ஷிஃப்ட் வண்டி ஒரு நாள்கூட லேட் ஆகவில்லை. இப்போதும் கம்பெனி வாசலில்தான் வண்டியை ஓரம் கட்டியிருக்கிறேன். இரண்டரைக்கு ஷிஃப்ட் முடிந்து பெண்கள் வெளியே வருவார்கள். அதுவரை நேரம் இருக்கிறது, எழுதுகிறேன்.

சில்வியா, போன ஞாயிற்றுக்கிழமை ஷாலின் நடத்திய போர்க்கள டூருக்கு வண்டி ஓட்டியவன் நான்தான். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், திட்டுவதானால் இந்த இடத்திலேயே திட்டி முடித்துவிடு. வழக்கமாக வரும் டிரைவருக்குக் காய்ச்சல். முதல் நாள் சாயந்திரம் வந்து என் முன்னால் நின்றாள். "எட்டு பேரு புக் பண்ணிகிறாங்கப்பா, நீ வர்றியா?" என்று கேட்டாள். மாட்டேன் என்று சொல்ல வாய் வரவில்லை. ஆனால் ஒரு நிபந்தனை போட்டேன். நான் உன் அப்பா என்று யாரிடமும் சொல்லக் கூடாது, டிரைவர் என்றே இருக்கட்டும், அதுதான் உனக்கு மரியாதை என்றேன். அவள் என்னையே ஒரு நிமிஷம் பார்த்துவிட்டுச் சரி என்றாள்.

அது அவள் மரியாதைக்காக இல்லை. உன்னிடம் மறைக்க என்ன இருக்கிறது? அவள் கம்பெனி லைன் வேலையை விட்ட நாளிலிருந்து கோயிலில் யார் கேட்டாலும் லீவில் இருக்கிறாள் என்றுதான் சொல்லிவந்தேன். பி.எஃப்., இ.எஸ்.ஐ. உள்ள வேலையை உதறிவிட்டுச் செத்துப்போன சிப்பாய்களைக் காட்டப் போகிறாள் என்று எந்த வாயால் சொல்வது? "பொணக்குழியக் காட்டிப் பொழைக்கிறாளா?" என்று நீ கேட்டாயே, அதைத்தான் நானும் மனசுக்குள் கேட்டுக்கொண்டிருந்தேன். நீ வெளியே கேட்டாய், அவ்வளவுதான் வித்தியாசம். ஞாயிற்றுக்கிழமை அவள் உளறிக் கொட்டினால், எனக்கும் அவளுக்கும் சம்பந்தமில்லாதவன் மாதிரி ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிடலாம் என்று நினைத்தேன். பெற்றவன் நினைக்கிற நினைப்பா இது? ஆனால் நினைத்தேன்.

காலையில் நந்தம்பாக்கம் போர்க் கல்லறையில் தொடங்கினாள். ஏர்போர்ட்டில் உன்னை விட்டுவிட்டுத் திரும்பும்போதெல்லாம் அதன் வாசலைத் தாண்டித்தான் போயிருக்கிறேன், ஒரு தடவைகூட உள்ளே எட்டிப் பார்த்ததில்லை. வெட்டிய புல்லும் வரிசை வரிசையாகக் கல்லுமாக அவ்வளவு சுத்தம். இரண்டாம் உலகப் போரில் இறந்தவர்கள். நம் மகள் எந்தத் தேதியையும் ஒப்பிக்கவில்லை. கல்லில் இருக்கிற வயதை மட்டும் ஒவ்வொன்றாகப் படிக்கச் சொன்னாள். பத்தொன்பது, இருபத்தொன்று, இருபது. "எங்க லைன்ல இருந்த பொண்ணுங்க வயசு" என்றாள். செல்ஃபி எடுத்துக்கொண்டிருந்த பையன் போனைச் சட்டைப்பைக்குள் போட்டான்.

அங்கிருந்து சுங்குவார்சத்திரம் வந்து டீ குடித்தோம். மகன் வீட்டுக்கு வந்திருந்த தளவாய் என்கிற பெரியவர் அங்கே ஏறிக்கொண்டார். திருநெல்வேலிப் பக்கத்து ஆள், ராணுவத்தில் சுபேதாராக இருந்து ஓய்வு பெற்றவர். முதுகு இன்னும் வளையவில்லை. பதினொரு மணிக்குப் புள்ளலூர் போய்ச் சேர்ந்தோம். காஞ்சிபுரத்துக்குப் பக்கத்தில் இப்படி ஓர் ஊர் இருப்பதே உனக்குத் தெரிந்திருக்காது. ஹைதர் அலியும் திப்புவும் கிழக்கிந்தியக் கும்பெனிப் படையைச் சுற்றி வளைத்து அடித்த இடம். இப்போது வயலும் ஏரியும்தான். வெள்ளைக்கார அதிகாரிகள் இரண்டு பேருக்கு உயரமாகக் கூம்பு வைத்த கல்லறைகள் நிற்கின்றன.

எல்லோரும் அந்தக் கூம்புகளைப் போட்டோ எடுத்து முடிக்கும்வரை ஷாலின் வாயைத் திறக்கவில்லை. பிறகு சொன்னாள். "இவங்க ரெண்டு பேருக்குக் கல்லு கீது, பேரு கீது. அவங்களோட செத்த சிப்பாய்ங்க ஆயிரக்கணக்குல. தமிழ் பேசனவங்க, தெலுங்கு பேசனவங்க. அவங்க பேர யாரும் எழுதி வைக்கல. இந்த மண்ணுலதான் எங்கியோ கீறாங்க." தண்டலம் கல்லூரியில் பாடம் நடத்தும் சசிரேகா என்கிற அம்மா கொஞ்சம் கறார். "சரிம்மா, நம்ம ஆளுங்க எந்தப் பக்கம் சண்டை போட்டாங்க?" என்று கேட்டார். ஷாலின் யோசிக்கவே இல்லை. "ரெண்டு பக்கமும் மேடம்" என்றாள். நான் வண்டிக் கண்ணாடியைத் துடைக்கிற சாக்கில் கிட்டே போய் நின்றுகொண்டேன்.

இனி என் லட்சணத்தைக் கேள். பன்னிரண்டு பத்துக்குக் கிளம்பணும்பா என்று அவள் காலையிலேயே சொல்லியிருந்தாள். ஷிஃப்ட் வண்டிப் பழக்கம் எப்படி என்று உனக்குத் தெரியும். இரண்டு ஹாரன், இரண்டு நிமிஷம், கியரைப் போட்டுவிட வேண்டியது. ஏறாதவர்கள் ஷேர் ஆட்டோவில் வந்துகொள்வார்கள். யார் ஏறினார்கள், யார் ஏறவில்லை என்று பத்தொன்பது வருஷமாகத் திரும்பிப் பார்த்தவன் இல்லை நான், பார்த்தால் லைன் லேட் ஆகும். பன்னிரண்டு பத்துக்கு ஹாரன் அடித்தேன், சரியாகப் பன்னிரண்டு பன்னிரண்டுக்கு வண்டியை எடுத்துவிட்டேன். ஷாலின் சசிரேகா அம்மாவுக்கு திப்பு படையின் ராக்கெட்டைப் பற்றி விளக்கிக்கொண்டே ஏறினாள். நாலு கிலோமீட்டர் தாண்டிய பிறகு, "வண்டிய நிறுத்துங்க" என்று கத்தினாள். தளவாய் வண்டியில் இல்லை.

வண்டிக்குள் ஒரே சத்தம். எழுபது வயசுக்காரரை நடு வெயிலில் விட்டுவிட்டு வருவதா, கூப்பிட்டால் போனை எடுக்கவில்லையே, மயக்கம் போட்டு விழுந்திருந்தால் என்ன செய்வது என்று ஆளாளுக்குப் பேசினார்கள். சசிரேகா அம்மா, "முதல்ல இந்த டிரைவர மாத்தும்மா" என்று முகத்துக்கு நேராகவே சொன்னார். ஷாலின் எழுந்து நடுவில் வந்து நின்றாள். "மேடம், அவரு எங்கப்பா. சொன்ன டைமுக்கு வண்டிய எடுத்தாரு, அது அவரு வேலை. ஆளுங்கள எண்ண வேண்டியது என் வேலை. எண்ணாம வுட்டது நானு. மன்னிச்சுக்கங்க" என்றாள். குரல் துளிக்கூட இறங்கவில்லை. டிரைவர் என்றே இருக்கட்டும் என்று சொன்னவன் நான். அத்தனை பேர் என்னைத் திட்டிக்கொண்டிருந்த நேரம் பார்த்து, எங்கப்பா என்று சொன்னவள் அவள். வண்டியைத் திருப்பும்போது எனக்கு ரோடு சரியாகத் தெரியவில்லை.

பெரியவர் ஏரிக்கரையில் ஒரு வேப்ப மரத்தடியில் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு உட்கார்ந்திருந்தார். போனை வண்டியில் சீட்டிலேயே விட்டிருக்கிறார், சைலண்டில். நான் ஓடிப்போய்க் கையைப் பிடித்துக்கொண்டு மன்னிப்புக் கேட்டேன். அவர் சிரித்தார். "எதுக்குய்யா பதறுதிய? நீங்க வருவியன்னு எனக்குத் தெரியும்லா. இருநூத்தம்பது வருசத்துக்கு முன்னால செத்தவனையே அந்தப் பிள்ள விட மாட்டேங்கா. உசுரோட இருக்க என்னைய விட்டுட்டா போவா?" என்றார். முப்பது வருஷம் சர்வீஸ் போட்டவராம். பெயரில்லாத சிப்பாய்க்காக ஒருத்தர் நின்று பேசி அன்றைக்குத்தான் கேட்டாராம். அதனால் ஏரிக்கரையில் கொஞ்ச நேரம் தனியாக நிற்கத் தோன்றியது, ஹாரன் காதில் விழவில்லை என்றார்.

பிறகு ஷாலினைக் காட்டி, "யாரு பெத்த பிள்ளய்யா இது?" என்று கேட்டார். நான் யோசிக்காமல், "சில்வியா பெத்த பொண்ணு" என்றேன். உன் பெயரைத்தான் சொன்னேன். ஏன் என்று கேட்காதே, அதுதான் வாயில் வந்தது. தப்பு செய்தால் என்னுடையது என்று முன்னால் வந்து நிற்கிற குணம் எனக்கு ஏது? அது உன் ரத்தம். சசிரேகா அம்மாகூட இறங்கும்போது என்னிடம் வந்து, "பொண்ண நல்லா வளர்த்திருக்கீங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். பதினொரு வருஷமாக அங்கே அடுத்தவர் வீட்டில் வேலை பார்த்துக்கொண்டே வளர்த்தவள் நீ. அந்த வார்த்தை உனக்குச் சேர வேண்டியது, அதனால் அப்படியே எழுதியிருக்கிறேன்.

நேற்றுக் காலை டீக்கடையில் மற்ற டிரைவர்கள் எல்லோரையும் பிடித்து உட்கார வைத்து என் மகள் செய்கிற வேலை என்ன என்று சொன்னேன். இரண்டு டீ ஆறிப்போகிற வரைக்கும் சொன்னேன். கோயிலில் ஃபாதரிடமும், லீவு என்று சொன்னது பொய் என்று ஒப்புக்கொண்டுவிட்டேன்.

இனி நான் இந்தக் கடிதம் எழுதிய காரணம். பழைய கம்பெனியில் அவளைத் திரும்பக் கூப்பிட்டிருக்கிறார்கள் என்று உனக்குத் தெரியும். வேலையில் சேர்ந்தால்தான் அவளிடம் பேசுவேன் என்று நீ சொன்னதும் அவளுக்குத் தெரியும். நேற்று பீரோவைத் திறந்தபோது பார்த்தேன், திரும்ப வேலையில் சேரும் படிவத்தை நிரப்பிக் கையெழுத்துப் போட்டு வைத்திருக்கிறாள். வருகிற திங்கட்கிழமை கொடுக்கப் போகிறாளாம். அதற்கு முதல் நாள் ஞாயிற்றுக்கிழமை டூர்தான் கடைசி. ஏன்மா என்று கேட்டேன். "அம்மா பேசி நாலு மாசம் ஆச்சுப்பா" என்றாள். காய்ந்த துணியை எடுக்க மொட்டை மாடிக்குப் போய்விட்டாள்.

லைன் வேலை கேவலம் என்று நான் சொல்லவில்லை. அந்த வேலைக்குப் போகும் பெண்களை ஏற்றி இறக்கித்தான் நம் வீட்டில் அடுப்பு எரிகிறது. அவளுக்கே விருப்பம் வந்து அந்தத் தாளைக் கொடுப்பதானால் நானே கூட்டிக்கொண்டு போய் வாசலில் இறக்கிவிடுவேன். உன் குரலைக் கேட்பதற்காக மட்டும் அவள் அதைக் கொடுக்கக் கூடாது, சில்வியா. நீ அவளுக்காக ஊரை விட்டுப் போனவள். அவள் உனக்காக இந்த டூர் வேலையை விட்டுவிட்டால், அதில் உனக்கு என்ன மிச்சம்?

வெள்ளிக்கிழமை சாயந்திரம் ஆறு மணிக்கு அவள் வீட்டில்தான் இருப்பாள். உனக்கு அப்போது மூன்றரை. என் நம்பருக்கு வேண்டாம், அவள் நம்பருக்கே அடி. வேலையைப் பற்றி எதுவும் கேட்க வேண்டாம், படிவத்தைப் பற்றி நான் எழுதியதாகவும் காட்டிக்கொள்ள வேண்டாம். நாலு மாசத்துக்குப் பிறகு எதை எடுத்துப் பேசுவது என்று திகைப்பாக இருந்தால், சாப்பிட்டியா என்று கேள். போதும். மீதியை அவளே பேசுவாள்.

முதல் பெண்கள் வெளியே வர ஆரம்பித்துவிட்டார்கள். இனிமேல் ஏறுகிற தலைகளை எண்ணிவிட்டுத்தான் வண்டியை எடுக்க வேண்டும்.

மாதா என் வீட்டு இரண்டு பிடிவாதங்களையும், உன்னையும் அவளையும், ஒன்றாகக் காப்பாற்றட்டும்.

உன் அழைப்புக்குக் காத்திருக்கும்,
யாகப்பன்