எதிர்வீட்டுச் செங்கல்

மார்ச் 9
ஷாங்ஹாயில் கட்டடக் கலைஞர்கள் கூட்டத்தில் உரை. வழக்கம்போல, “எதிர்வீட்டைப் பார்த்துவிட்டு உங்கள் வீட்டைக் கட்டுங்கள்” என்றேன். வழக்கம்போல எழுந்து நின்று கைதட்டினார்கள். கைதட்டியவர்களில் ஒருவர் போன வருடம் தேநீர்க் குடுவை வடிவத்தில் நூலகம் கட்டியவர். இன்னொருவர் மீன் வடிவத்தில் ஒரு பேருந்து நிலையம். பயணிகள் செவுள் வழியாக ஏறுகிறார்கள்.

ஒரு காலத்தில் எனக்கு வேலையே வராது. “பக்கத்து வீடு மாதிரியே கட்டுறதுக்கு இந்தம்மா எதுக்கு?” என்பார்கள். இப்போது கூப்பிடாத ஊர் இல்லை. கோங் தே என் கல்லூரித் தோழன், என் கட்டடங்கள் விழாமல் பார்த்துக்கொள்ளும் பொறியாளன். ரயிலில் சொன்னான்: “ஏய் ஜூ, உன் பேச்சு உனக்கு மனப்பாடம் ஆனா பரவாயில்ல. அவங்களுக்கும் ஆயிடுச்சு பாரு, அதான் பயமா இருக்கு.”

மார்ச் 21
லின்ஷி. மாவட்டக் கட்சிச் செயலாளர் ஃபெய் விருந்து வைத்தார். ஆற்றங்கரையில் ஓர் அருங்காட்சியகம் வேண்டுமாம். என் புத்தகத்தில் சிவப்பு மையால் கோடு போட்டு வைத்திருக்கிறார். தப்பான வரிகளுக்கு அடியில்தான், ஆனாலும் போட்டிருக்கிறார்.

“மேடம், இந்த ஊர் மண்ணுலயே கட்டணும். பழைய செங்கல், பழைய ஓடு. எவ்வளவு வேணும்னு மட்டும் சொல்லுங்க!” கோப்பையைத் தூக்கிக்கொண்டு நிற்கிறார். அவர் நிற்கும்போது நான் குடிக்காமல் இருக்க முடியுமா? குடித்தேன். “எவ்வளவு கிடைச்சாலும் போதாது” என்றேன். மேசையே குலுங்கச் சிரித்தார்கள். நல்ல மனிதர்.

மார்ச் 22
தலைவலி. இருந்தாலும் இடத்தைப் பார்த்தேன். எதிரே படகுக்காரர் சந்து. இரண்டு வரிசை சாம்பல்நிறச் செங்கல் வீடுகள், மூங்கில் கழிகளில் வெயிலுக்குப் போட்ட பஞ்சுப் போர்வைகள், வாசலில் காயும் முள்ளங்கி. போதும். மாடியில் ஒரே ஒரு பெரிய ஜன்னல், அது சந்துப் பக்கம் பார்க்கும். மீதியெல்லாம் அந்த ஜன்னலுக்காகத்தான்.

சோயாக்கட்டி விற்கும் சிங்தி அக்கா என்னைப் பார்த்துக் கத்தினாள்: “என்னத்தப் படம் புடிக்கிற? கூரை ஒழுகுறதையா? உள்ள வா, இன்னும் நல்லா தெரியும்!”

ஜூன் 2
கட்டடக்கலையின் பெரிய பரிசு, அதன் இறுதிச் சுற்றில் என் பெயர். நவம்பரில் நடுவர்கள் அருங்காட்சியகத்தைப் பார்க்க வருகிறார்கள். பரிசுகள் வடிவமைப்பைக் கெடுக்கின்றன என்று நான் கட்டுரை எழுதியிருக்கிறேன். வேண்டும். இந்தப் பரிசு எனக்கு வேண்டும்.

ஜூலை 15
செங்கல் வந்துகொண்டே இருக்கிறது. அத்தனையும் ஒரே ஆற்றுக் களிமண், ஒரே நிறம். சிலவற்றில் அடுப்புக்கரி கூட அப்படியே, தடவிப் பார்த்தேன். ஒப்பந்தக்காரரிடம் போனில் எங்கிருந்து என்று கேட்டேன்.
“அக்கம்பக்கத்துலதான், மேடம்.”
மகிழ்ந்துபோய் போனை வைத்துவிட்டேன்.

ஆகஸ்ட் 11
ஐயோ.

கீழே சுற்றிலும் நீலத் தகரத் தடுப்பு, ஒன்றும் தெரியாது. மாடி எழும்பியபிறகு இன்றுதான் முதன்முறையாக என் ஜன்னல் இடத்தில் நின்றேன். சந்தில் ஒரு வரிசை இல்லை. வெறும் மண், நடுவில் ஒரு கழிவுநீர்க் குழாய். மிச்ச வரிசையில் எல்லாச் சுவரிலும் வெள்ளை வட்டம், உள்ளே ‘இடி’ என்ற எழுத்து.

அந்தக் கரி சிங்தி அக்காவின் எதிர்வீட்டுக்காரர் அடுப்புக்கரி. அதைத்தான் நான் தடவிப் பார்த்து ரசித்தேன்.

ஃபெய்க்கு போன் போட்டுக் கத்தினேன். அவருக்கு உண்மையிலேயே புரியவில்லை. “நீங்கதானே மேடம் போதாதுன்னீங்க? அடுத்த வரிசையும் வந்துட்டே இருக்கு, கவலைப்படாதீங்க!”

சந்துப் பக்கம் பார்க்கும் ஜன்னலுக்கு, அந்தச் சந்தையே இடித்து, சந்தின் செங்கல். நானே கிண்டலுக்காகக் கூட இப்படி எழுதியிருக்க மாட்டேன்.

ஆகஸ்ட் 12
கோங் தே: “ஒரே வழிதான். இனிமே புதுச் செங்கல்னு எழுதிக் குடு. பழசு வேணாம்னா எதுக்கு இடிக்கப் போறாங்க?”
“சுவர் பாதியில நிக்குது. பாதி பழசு, பாதி புதுசுன்னா ஒட்டுப்போட்ட சட்டை மாதிரி இருக்கும். நடுவர்கள் சிரிப்பாங்க.”
“சிரிக்கட்டும்.”
“உனக்கென்ன, உன் பேரா போடப்போறாங்க?”
சொன்ன பிறகுதான் காதில் விழுந்தது. அவன் நூடுல்ஸைச் சாப்பிட்டு முடித்தான்.

ஆகஸ்ட் 13
எழுதிக் கொடுத்துவிட்டேன். இனி புதுச் செங்கல். மிச்ச வரிசையைத் தொட்டால் கட்டடத்திலிருந்து என் பெயரை எடுத்துவிடுவேன். வீடுகள் போவதற்கு அசையாத ஃபெய் என் பெயர் போவதற்கு ஆடிப்போனார். என் பெயர் போட்ட பேனர் ஏற்கெனவே அச்சடித்தாயிற்றாம். ஒப்புக்கொண்டார்.

பரிசு போயிற்று. அழுதேன். சந்துக்காகவா, பரிசுக்காகவா? எனக்கே தெரியவில்லை, எனக்கே அசிங்கமாக இருக்கிறது.

ஆகஸ்ட் 20
நன்றி சொல்வார்கள் என்று நினைத்துக்கொண்டு சந்துக்குப் போனேன். புத்தி!

சிங்தி அக்கா கரண்டியோடு வந்தாள். “எதிர்வரிசைக்காரங்க லிஃப்ட் வெச்ச ஃப்ளாட்டுக்குப் போயாச்சு. குளியலறையில வெந்நீரு! எங்களுக்கும் சாவி கைக்கு வர்ற நேரத்துல நீ புகுந்து கெடுத்தே. கொட்டுற மழையிலயும் தெருக்கோடி கக்கூஸுக்கு நான் குடை புடிச்சுட்டு நடக்கணும், அதை நீ ஜன்னல்ல நின்னு பாக்கணும். அப்படித்தானே?”

வரைபடத்தில் அப்படித்தான் இருக்கிறது. குடையோடு ஓர் உருவம் கூட வரைந்திருக்கிறேன்.

நவம்பர் 6
நடுவர்கள் வந்தார்கள். பழைய செங்கலும் புதுச் செங்கலும் சேரும் கோட்டருகே ஒருவர் வெகுநேரம் நின்று விரலால் தடவினார். “ஆ!” என்றார். முடிந்தது கதை.

நவம்பர் 30
பரிசு எனக்கு!

காரணம்: ‘நினைவும் நிகழ்காலமும் கைகோக்கும் அந்த நுண்ணிய கோடு.’ நான் ஃபெய்யிடம் கத்திய வாரத்தில் கொத்தனார் நிறுத்திய இடம் அது. கோங் தே சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டான். நானும் சிரித்தேன். பரிசைத் திருப்பிக் கொடுக்கவில்லை. அதையும் எழுதிவைக்கிறேன்.

ஜனவரி 17
பரிசளிப்பு மேடை. “அடுத்து என்ன கட்டப்போகிறீர்கள்?”
“ஒரு கழிப்பறை” என்றேன்.
சிரித்தார்கள். பிறகு, ஏதோ தத்துவம் என்று நினைத்து, முன்வரிசை முழுவதும் குறித்துக்கொண்டது.

மார்ச் 3
சிங்தி அக்கா வீட்டுப் பின்கட்டில் அளவெடுத்தேன். வெந்நீர்க் குழாய்க்கும் கழிவுக் குழாய்க்கும் கோங் தே வழி கண்டுபிடித்துவிட்டான். இது சரியாக வந்தால் வரிசை முழுவதற்கும்.

“சுவருக்கு மட்டும் பழைய செங்கல் வைக்கலாமாக்கா? கொஞ்சம் மிச்சம் இருக்கு. உங்க வீட்டோட ஒத்துப்போகும்” என்றேன். வாய் சும்மா இருக்காது.

அக்கா என்னை மேலும் கீழும் பார்த்தாள். “பழசா? இப்ப யாரு வீட்ட இடிச்ச?”

பிறகு எதிர்வரிசைக்காரர்கள் குடிபோன ஃப்ளாட் இருக்கும் திசையில் கையை நீட்டினாள். “எதிர்வீட்டுக்காரி குளியலறையப் போய்ப் பாத்துட்டு வா. அதே மாதிரி போடு.”

போய்ப் பார்த்தேன்.

மார்ச் 29
வெள்ளை டைல்ஸ், கண் கூசும் அளவுக்கு. ஓரத்தில் நீலப் பூ. அக்கா கதவைத் தாழிட்டுக்கொண்டாள். உள்ளே தண்ணீர் ஓடும் சத்தம். நானும் கோங் தேயும் முற்றத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தோம்.