கொசுறாக வந்த இரண்டு பெட்டி

அக்கா,

இன்று காலை படப்பையில் காய் வாங்கினேன். கடைக்காரம்மா கேட்காமலேயே ஒரு கொத்து கறிவேப்பிலையைப் பைக்குள் திணித்தார். அந்த வாசனை ஷெட்டு வரைக்கும் கூடவே வந்தது. உன் ஞாபகமும்தான்.

கம்பெனி லைனில் பக்கத்துப் பக்கத்தில் நின்று வேலை பார்த்த நாம், கான்ட்ராக்ட் முடிந்து வெளியே வந்ததும் சேரப்பணஞ்சேரியில் இந்த ஷெட்டைப் பிடித்தோம். கார் கம்பெனிக்கு ஒயர் கட்டிக் கொடுக்கிற வேலை. ஒயர் முனையில் மாட்டும் பித்தளைப் பின்களை முதல்முறையாக வெளிநாட்டிலிருந்து நேராக வரவழைத்தபோது, வீடியோ காலில் விற்பவரிடம் கொஞ்சம் சேர்த்துப் போடச் சொல்லிக் கேட்டது நான். என் அரைகுறை இங்கிலீஷில்தான். "அவன்கிட்டயும் கொசுறா? நல்லா கேட்டடி போ" என்று நீ பக்கத்தில் உட்கார்ந்து சிரித்தாய். அந்த மனுஷனும் நல்ல மனதோடு இரண்டு பெட்டி கூடுதலாக வைத்துவிட்டார். இலவசம்தானே என்று அவர் அதைப் பில்லில் எழுதவில்லை.

துறைமுகத்தில் சுங்கத்துறையினர் எண்ணிப் பார்த்தார்கள். தாளில் இல்லாத அந்த இரண்டு பெட்டியால் மொத்தச் சரக்கையும் கைப்பற்றிவிட்டார்கள். ஷெட்டில் பத்து நாளுக்கு வேண்டிய பின்கள்தான் இருந்தன. ஒயர் போகாவிட்டால் கார் கம்பெனி வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளும். நம்மை நம்பி ஏழு பெண்கள் இருந்தார்கள்.

வழக்கு முடியும்வரை சரக்கைத் தற்காலிகமாக விடுவிக்கக் கேட்டு மனுப் போடலாம் என்றார், துறைமுகத்திலிருந்து சரக்கை எடுத்துத் தரும் கிளியரிங் ஏஜென்ட். "அனுப்பினவன் தப்பு, எங்களுக்கு ஒண்ணும் தெரியாதுன்னு எழுதிடுங்கம்மா." நான் உடனே தலையாட்டினேன். நீதான் ஒத்துக்கொள்ளவில்லை. "நாம கேட்டுத்தானே வச்சான். அவன் தலைல கட்டறதா?" என்றாய்.

பயத்தில் உன்மேல் பாய்ந்தேன். "உன் நியாயத்த வச்சிக்கினு இன்னா பண்றது? கேஸுன்னு வந்தா நான்தானே மாட்டுவேன்" என்று கத்தினேன். இரண்டு நாள் பேசவில்லை. ஒரே ஸ்கூட்டியில் வந்துபோய்க்கொண்டே பேசாமல் இருந்த அந்த அழகை என்னவென்று சொல்ல.

கடைசியில் நீ சொன்னபடியே, நாங்கள் கேட்டுத்தான் வைத்தார் என்று மனுவில் உள்ளதை எழுதினோம். அதிகாரி கூப்பிட்டு விசாரித்தார். "யாரும்மா எக்ஸ்ட்ரா கேட்டது?" நான் தலையைக் குனிந்துகொண்டேன். நீ எழுந்து நின்றாய்.

"நான்தான் சார். காய் வாங்கினா கறிவேப்பிலை கேக்கற மாதிரி கேட்டுட்டேன். அத எழுதிக் காட்டணும்னு தெரில சார்."

அவர் சிரிக்கவில்லை. நீ சொன்னதை அப்படியே எழுதிக்கொண்டார். அப்புறம் உறுதிப்பத்திரம், வங்கி உத்தரவாதம் என்று கேட்டதையெல்லாம் கொடுத்தோம். கையிருப்பில் இருந்த பின்கள் தீர்வதற்கு முதல் நாள் சரக்கு ஷெட்டுக்கு வந்து சேர்ந்தது.

"ஏன்க்கா அப்டி சொன்ன?" என்று கேட்டேன்.

"உனக்குதான் பயமா கீதே. எனக்கு இல்ல" என்றாய். உண்மையைத்தான் சொல்ல வேண்டும் என்று என்னோடு அத்தனை மல்லுக்கட்டியவள், எனக்காக ஒரு பொய்யைச் சொல்லிவிட்டு, பெட்டிகளை எண்ணி அடுக்கப் போய்விட்டாய்.

நெஞ்சுவலி வந்து நீ போன பிறகுதான் இறுதி உத்தரவு வந்தது. அபராதத்தோடு முடித்திருக்கிறார்கள். கூடுதல் பெட்டி கேட்டவர் என்ற இடத்தில் உன் பெயர் இருக்கிறது. அதைப் பார்த்து நான் எத்தனை தடவை அழுதேன் என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

இன்று மதியம், புதிதாகச் சேர்ந்த பெண் ஃபைல்களை அடுக்கும்போது அந்த உத்தரவைப் படித்துவிட்டு, "செத்துப்போன அக்கா பண்ண வேலையா இது?" என்று கேட்டாள். மெஷினையெல்லாம் நிறுத்தச் சொன்னேன். எல்லாரையும் கூப்பிட்டு உட்காரவைத்து, அன்றைக்குக் கேட்டது நான், பயந்ததும் நான் என்று முதலிலிருந்து சொன்னேன். ஒருத்தி தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.

அரசாங்கத் தாளில் உன் பெயரை இனி மாற்ற முடியாது, அக்கா. நம் ஷெட்டில் மாற்றிவிட்டேன்.